பதினொன்று நிற்கும் கரை

மோனே,

கவரின் மேல் மலையாளத்தில் எழுதியிருப்பதை முதலில் படித்திருப்பாய். மஞ்சக்கல் ஓடையின் வலது கரையில், அந்த மொட்டைச் சரிவில், கூடாரம் போடாதே. அந்த ஒரு வரியை மட்டும் மலையாளத்தில் எழுதினேன். ஜீப் ஓட்டுகிறவர் படிக்கலாம். செக்போஸ்ட்டில் இருப்பவர் படிக்கலாம். கவரை ஒட்டவில்லை. யார் கையில் கிடைத்தாலும் அவர் உன்னைத் தேடி வந்து சொல்லட்டும். உள்ளே இருக்கும் தமிழ் உனக்கு. நீ எழுத்துக்கூட்டித்தான் படிப்பாய். பரவாயில்லை. மெதுவாகப் படி. இதை நான் வேகமாகச் சொல்லியிருக்க வேண்டிய காலம் போய்விட்டது.

அந்த ஒரு வரி போதாதா என்று நீ கேட்கலாம். போதாது. எனக்கு உன்னைத் தெரியும். படித்ததும் சிரிப்பாய். பக்கத்திலிருப்பவனிடம் காட்டுவாய். "எங்கம்மாவுக்கு எல்லாத்துக்கும் பேடி" என்பாய். உண்மைதான், எனக்கு எல்லாவற்றுக்கும் பயம். படகுத்துறையிலிருந்து எர்ணாகுளம் போகும் போட்டில் உன்னை நான் ஒருநாளும் ஓரத்தில் உட்காரவிட்டதில்லை. கல்லூரியில் சேர்ந்த பிறகும் விடவில்லை. உன் நண்பர்களுக்கு நடுவே என் கையைத் தட்டிவிட்டாய். மழை நாளில் மாடிப்படி. கொச்சங்காடியில் பழைய கிடங்குகளின் சுவரோரம். கேஸ் சிலிண்டர். ஓட்டில் தேங்காய் விழும் சத்தம். "இவளுக்குப் பேடிக்கறதுதான் ஜோலி. சம்பளம்தான் இல்ல" என்று உன் அத்தா சொல்லும்போதெல்லாம் நீங்கள் இருவரும் சிரிப்பீர்கள். நானும் சிரிப்பேன். இத்தனை வருடமாக எல்லாவற்றுக்கும் சேர்த்துப் பயந்தால், இந்தக் கடைசிப் பயத்தை எப்படித் தனியாக எடுத்துக் காட்டுவது? காரணத்தோடுதான் காட்ட வேண்டும். காரணம் நான்தான்.

போன ஞாயிற்றுக்கிழமை மதியம் சாப்பாட்டு மேசையில் நீ போனை வைத்துப் படம் காட்டினாய். பச்சையாக ஒரு மலை. நடுவில் கோடு மாதிரி ஓடை. மரப்பெரணி நிற்கும் இடங்களுக்கெல்லாம் மஞ்சள் புள்ளி வைத்திருந்தாய். அது ஒரு விநோதமான மரம் என்று அத்தாவுக்கு விளக்கினாய். பூக்காது, காய்க்காது, விதை கிடையாது, இலையின் அடியில் தூள்தான். தூரத்தில் பார்த்தால் தென்னை, கிட்டத்தில் போனால் வேறு ஏதோ. அத்தா மீன் முள்ளை எடுத்துக்கொண்டே கேட்டார்: "எந்தாடா, காய்க்காத மரத்த எண்ணவா ரெண்டு வருஷம்?" நீ சிரித்துவிட்டு விரலை ஒரே இடத்தில் வைத்தாய். "இங்க பாருங்க அத்தா. மேல இருக்கு. கீழ இருக்கு. எதிர்க்கரையிலும் கொஞ்சம் இருக்கு. இந்த வலது கரையில மட்டும் இவ்வளவு பெரிய வட்டம், ஒண்ணுகூட இல்ல. நோயா, மண்ணா, ஒண்ணும் தெரியல. அதக் கண்டுபிடிக்கத்தான் போறேன். கூடாரமும் அங்கதான். திறந்த வெளி, வெயில் விழும், சோலார் வைக்கலாம்." ஓடையின் பெயர் என்ன என்று நான் கேட்டேன். கேட்டிருக்க வேண்டியதில்லை. பார்த்ததுமே தெரிந்துவிட்டது. நீ பெயரைச் சொன்னாய். நான் ரசம் எடுத்துவர உள்ளே போனேன். அன்று ரசம் வைக்கவே இல்லை என்பது அடுப்பருகே போன பிறகுதான் நினைவுக்கு வந்தது.

அந்த வட்டத்தைப் போட்டது நான்.

உனக்கு ஐந்து வயதிருக்கும். சுள்ளிக்கல் வீட்டுப் பின்பால்கனியில் ஆர்க்கிட் வளர்க்க ஆரம்பித்தேன். நன்றாகப் பூத்தது. கோட்டைக் கொச்சியில் வெளிநாட்டுக்காரர்கள் வந்து தங்கும் வீடுகளுக்குக் கொடுத்தேன். முதலில் தேங்காய்த் தொண்டில், அந்த நார் மட்டையில்தான் கட்டினேன். ஆனால் நம் ஊர் மழை தெரியுமே. இடவப்பாதி மழை தொடங்கினால் தொண்டு ஊறும், அழுகும், செடியின் கழுத்து கறுக்கும். ஒவ்வொரு காலையும் பால்கனிக் கதவைத் திறக்கவே பயமாக இருக்கும். இன்று எது செத்திருக்கும்? அப்போதுதான் ஒரு வாடிக்கைக்காரர் மரப்பெரணிக் கட்டையைப் பற்றிச் சொன்னார். அதன் தண்டைச் சுற்றிக் கறுப்பு வேர் பின்னிப் பின்னிக் கம்பளி மாதிரி இருக்கும். தண்ணீரைப் பிடித்துக்கொள்ளும், தேங்கவிடாது. அதில் கட்டிய செடி சாகவே சாகாது என்றார். சாகவே சாகாது. அந்த வார்த்தைக்குத்தான் விழுந்தேன். ஆசையால் செய்தேன் என்று சொன்னால் மன்னிப்பது உனக்கு எளிது. பயத்தால் செய்தேன். பயத்தால் செய்வதற்கு அளவே கிடையாது மோனே. ஆசை எங்காவது நிறையும்.

மலையிலிருந்து அதைக் கொண்டுவந்தவர் பெயர் தவசி. தேயிலைத் தோட்டத்து லயன் வீட்டில் குடியிருந்தார். மஞ்சக்கல் ஓடையின் வலது கரையில்தான் வெட்டுவார். மாதம் ஒருமுறை இரண்டு சாக்கு. வெட்டக் கூடாத மரம் என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அதனால் சாக்கின் மேற்பாதியில் முட்டைக்கோஸ் இருக்கும். அத்தா தோப்பும்படி பஸ் நிறுத்தத்திலிருந்து ஆட்டோவில் கொண்டுவருவார். வழியில் யார் கேட்டாலும் முட்டைக்கோஸ். பிறகு அதைத் தின்றுதானே தீர்க்க வேண்டும்? பொரியல், கூட்டு, கறியில் முட்டைக்கோஸ், கஞ்சிக்கு முட்டைக்கோஸ். உன் அத்தா ஒருநாள் தட்டைத் தள்ளிவிட்டு, "அடுத்த தவண அந்த ஆள்கிட்ட காரட் வைக்கச் சொல்லு" என்றார். சாக்கின் அடியில் என்ன என்று அவர் கேட்டதே இல்லை. இன்று வரைக்கும் முட்டைக்கோஸ் வாசனைக்கே நீ மூக்கைப் பொத்துகிறாய். ஏன் என்று உனக்குத் தெரியாது. இப்போது தெரியும்.

முதல் இரண்டு மூன்று தடவை தவசி நடுத்தண்டை மட்டும் அறுத்துக் கொண்டுவந்தார். எனக்குப் போதவில்லை. வேர்க் கம்பளி அடியில்தான் தடிமன். மேலே போகப் போக மெலிசு, வெறும் இலைத் தழும்பு. நான் சொன்னேன்: "எனக்கு அடிக்கட்டதான் வேணும் தவசி. மண்ணோட சேத்து எடுங்க." அவர் பால்கனியில் சாயா கிளாஸை வைத்துக்கொண்டு நின்றார். "அடியோட எடுக்கணும்ன்னா கடப்பாரை போடணும்மா. குழி விழும். அது சரிவு. மழத்தண்ணி குழிக்குள்ள எறங்கிச்சுன்னா மல நிக்காது." நான் என்ன சொன்னேன் என்று வார்த்தை மாறாமல் எழுதுகிறேன். இதை மட்டும் எந்த அழகும் சேர்க்காமல் படி.

"காட்டுல குழி விழுந்தா யாரு போய்ப் பாக்கப் போறா?"

நீ போகிறாய்.

அந்த மரத்துக்குக் கிளை இல்லை. உச்சியில் ஒரே குருத்து. அதை வெட்டினால் பக்கத்தில் துளிர்க்காது. இதை எனக்குச் சொன்னவரும் தவசிதான். வெட்டிக்கொண்டிருந்தவரே சொன்னார். நான் அப்போது கட்டையை ஈரத்துணியால் துடைத்துக்கொண்டிருந்தேன். நீ பக்கத்தில் குந்தி உட்கார்ந்து, அதன் மேல் இருந்த வட்டத் தழும்புகளை விரலால் தொட்டுத் தொட்டு எண்ணினாய். "அம்மா, இதுக்கு நாப்பத்திரெண்டு கண்ணு." தவசி சிரித்தார். "ஒரு கண்ணு ஒரு எலை, தம்பி. எலை விழுந்த எடம்." இது என்ன மரம் என்று என்னைக் கேட்டாய். தென்னை என்றேன். போன வருடம் விடுமுறையில் வந்தபோது, பால்கனியில் தொங்கும் அந்தக் கடைசிக் கட்டையின் முன்னால் வெகுநேரம் நின்றாய். "இது தென்னை இல்லம்மா." கடையில் வாங்கியது என்றேன். கடைக்காரன் ஏமாற்றியிருப்பான் என்றாய். ஆமாம் என்றேன். ஒரே கட்டைக்கு மூன்று பொய். ஞாயிற்றுக்கிழமை நான்காவது. அன்று தெரிந்தும் சொல்லாமல் இருந்துவிட்டேன். அதையும் கணக்கில் சேர்த்துக்கொள்.

ஒரு மாதம் தவசி வந்தபோது கையெல்லாம் கீறல். கட்டையை இறக்கிவைக்காமலே பேசினார். "மல ஒரு அடி கீழ எறங்கிருச்சும்மா. சத்தமே இல்ல. மேல பாறைக்கும் மண்ணுக்கும் நடுவுல ஒரு வெடிப்பு. கைய விட்டுப் பாத்தேன். முழங்கை வரைக்கும் போச்சு. உள்ள சில்லுனு காத்து." இனிமேல் போகமாட்டேன் என்றார். எனக்கு அப்போது ஒரு பெரிய ஆர்டர் இருந்தது. இன்னும் ஒரே ஒரு தடவை என்றேன். எதிர்க்கரையில் இல்லையா என்று கேட்டேன். அங்கே ஒன்றுமே இல்லை, தீர்ந்துபோயிற்று என்றார். அப்படியானால் இந்தப் பக்கமே, கடைசியாக, என்றேன். அவர் என்னைப் பார்த்தார். பிறகு உன்னைப் பார்த்தார். நீ கண் எண்ணிக்கொண்டிருந்தாய். "செரிம்மா" என்று போனார்.

அதற்குப் பிறகு வரவில்லை.

அடுத்த மாதம் வரவில்லை. அதற்கு அடுத்த மாதமும் இல்லை. தவசி வீட்டருகே இருந்த டீக்கடையின் நம்பர் என்னிடம் இருந்தது. ஆர்க்கிட் நோட்டின் பின்னட்டையில் எழுதிவைத்திருந்தேன். நான் கூப்பிடவில்லை. கேட்டால் பதில் வரும் என்று பயம். செடிகளை மீண்டும் தொண்டுக்கு மாற்றினேன். பாதி செத்தன. அந்த வருடத்திலிருந்துதான் உன்னைப் போட்டின் ஓரத்தில் உட்காரவிடவில்லை. யோசித்துப் பார்த்தால் எல்லாப் பயமும் அங்கிருந்துதான் தொடங்குகிறது. ஒரு மனிதருக்கு என்ன ஆயிற்று என்று கேட்காமல் இருந்துவிட்டேன். அந்தக் கேள்வி வீட்டுக்குள் வந்து ஒவ்வொரு பொருளாகத் தொட்டது. நீ யாரிடமாவது இனி ஒன்றைக் கற்றுக்கொள்ள வேண்டுமென்றால் என்னிடம் இதைக் கற்றுக்கொள். வருகிறவர் வராமல் போனால் கேள். அன்றே கேள்.

நீ திங்கட்கிழமை பஸ் ஏறினாய். செவ்வாய்க்கிழமை காலை சுபுஹுத் தொழுதுவிட்டு நோட்டை எடுத்தேன். பதினெட்டு வருடப் பழைய நம்பர். போகாது என்று நினைத்தேன். போயிற்று. கடைக்காரரின் மகள் எடுத்தாள். தவசி என்றேன். "எந்தத் தவசி? நொண்டித் தவசியா? ஒரு மணி நேரம் கழிச்சுக் கூப்பிடுங்க, ஆளனுப்புறேன்" என்றாள். அந்த ஒரு மணி நேரம் நான் தரையில் உட்கார்ந்திருந்தேன். உயிரோடு இருக்கிறார். நொண்டி. இரண்டையும் மாற்றி மாற்றிச் சொல்லிக்கொண்டிருந்தேன். பிறகு மறுபடி அடித்தேன்.

"யாரு?"

"மட்டாஞ்சேரிலேர்ந்து. ஆர்க்கிட் அம்மா."

தவசி போனைக் காது மாற்றி வைத்துக்கொள்வது கேட்டது. பிறகு சிரித்தார். "முட்டக்கோசெல்லாம் தின்னு தீந்துச்சாம்மா?"

நான் அழுதேன். அவர் காத்திருந்தார். கடைசித் தடவை போனபோது மண் இடுப்புவரை வந்து மூடியதாம். கூட வந்த இரண்டு பேர் கையாலேயே தோண்டி எடுத்தார்களாம். இடது கால் அன்றிலிருந்து மடங்காது. ஏன் எனக்குச் சொல்லவில்லை என்று கேட்டேன். "நீங்க கேக்கலியேம்மா" என்றார். கோபமே இல்லாமல் சொன்னார். கோபப்பட்டிருந்தால் நான் போனை வைத்திருக்க முடியும்.

பிறகு உன்னைப் பற்றிச் சொன்னேன். "கண்ணு எண்ணுமே, அந்தத் தம்பியா?" என்றார். ஆமாம், இப்போது வேலையே அதுதான், வரும் ஞாயிற்றுக்கிழமை மேலே ஏறி அந்த மொட்டையில் கூடாரம் போடப் போகிறான் என்றேன். அவர் குரல் மாறிவிட்டது.

"வேணாம்மா. வேணவே வேணாம். மழ எறங்கிட்டா அந்தப் பக்கம் நான் ஆடுகூட விடமாட்டேன். மேல புல்லு மூடி அழகாத்தான் இருக்கும், பாத்தா மைதானம் மாதிரி. அடியில எல்லாம் நம்ம குழிதான். அந்த வெடிப்பு இப்ப ஆளு எறங்குற அளவுக்கு இருக்கு."

"அப்ப எங்க படுக்கச் சொல்ல?"

"எடது கரைக்குப் போகச் சொல்லுங்க. அங்க பாற மேடு. பதினொண்ணு மரம் நிக்குது. போன மாசம்கூட ஆடு தேடிப் போனப்ப பாத்தேன், நிக்குது. அதுகளத் தாண்டி மேட்டுல படுத்தா ஒண்ணும் ஆகாது."

எதிர்க்கரையில் ஒன்றும் இல்லை என்று அன்று சொன்னீர்களே என்று கேட்டேன். அவர் மறுபடியும் சிரித்தார். "பொய்யிம்மா. அதுகளுக்கு அடியிலதான் ஊத்து. எங்க லயத்துக்கே குடிதண்ணி அது. உங்ககிட்ட நெசத்தச் சொல்லியிருந்தா அதையும் கேட்டிருப்பீங்க."

கேட்டிருப்பேன். அவருக்கு என்னைத் தெரிந்திருக்கிறது.

புதன்கிழமை உன் போனுக்கு இருபது முறையாவது அடித்திருப்பேன். தொடர்பு எல்லைக்கு வெளியே. அடிவாரத்தில் இருக்கும் உங்கள் ஆபீசுக்குக் கூப்பிட்டேன். எடுத்த பையன் நல்லவன். நான் சொன்னதை முழுவதும் கேட்டுக்கொண்டான். "பேடிக்கண்டா சேச்சி, ஞான் பறயாம்" என்றான், பயப்பட வேண்டாம், உன்னிடம் சொல்லிவிடுவதாக. பின்னால் யாரோ எதையோ சொல்ல அவன் சிரிப்பை அடக்குவது கேட்டது. அவனைக் குறை சொல்லமாட்டேன். எத்தனை அம்மாக்கள் கூப்பிட்டிருப்பார்களோ. அவனிடமும் காரணத்தை நான் சொல்லவில்லை. மலை சரியும் என்றேன். எப்படித் தெரியும் என்று கேட்டான். கனவு கண்டேன் என்றேன். பார், ஐந்தாவது பொய். உன் உயிர் விஷயத்தில்கூட முதலில் என் மானத்தைத்தான் காப்பாற்றினேன். போனை வைத்த பிறகு இதற்காக என்னை நானே அடித்துக்கொண்டேன். அதனால்தான் எழுதுகிறேன். எழுத்தில் யாரும் எதிரே நின்று கேட்பதில்லை.

நேற்று இரவுச் சாப்பாட்டின்போது அத்தாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் சாப்பிட்டு முடித்தார். கையைக் கழுவிவிட்டு வந்து, "சாக்கு ஏன் அவ்வளவு கனம்னு அப்பவே நெனச்சேன்" என்றார். அவ்வளவுதான். கேட்டிருக்கலாமே என்று நான் சொல்லவில்லை. எனக்கு என்ன தகுதி? பிறகு அவராகவே அலமாரியிலிருந்து பழைய மழைக்கோட்டை எடுத்தார். நாளை முதல் பஸ். கிடங்கில் இரண்டு நாள் லீவு சொல்லிவிட்டார். செக்போஸ்ட்டுக்கு மேலே வெளியாட்களை விடமாட்டார்களாம். சனிக்கிழமை உங்களுக்குச் சாமான் ஏற்றிப்போகும் ஜீப்பில் இந்தக் கவரையும் ஒரு துணிப்பையையும் கொடுத்துவிட்டு, பதில் வரும்வரை அங்கேயே உட்கார்ந்திருப்பார். நான் வரவில்லை. வந்தால் உன் முகத்தைப் பார்த்ததும் கூடாரத்தைப் பற்றி மட்டும் பேசிவிட்டு மற்றதை விழுங்கிவிடுவேன். என்னை எனக்கு நன்றாகத் தெரிந்துவிட்டது இந்த வாரம்.

பையில் அந்தக் கட்டை இருக்கிறது. செடியைப் பிரித்து எடுத்துவிட்டேன். செடி பிழைக்குமா தெரியாது. இன்று காலை திரும்பவும் எண்ணினேன். நாற்பத்திரண்டுதான். உன் எண்ணிக்கை அப்போதே சரி. உங்கள் ஆபீசுப் பெரியவர்களிடம் காட்டு. எங்கிருந்து வந்தது என்று சொல். அவர்கள் என்னிடம் வரவேண்டியிருந்தால் வரட்டும். வீட்டு விலாசம் உனக்குத் தெரியும். தவசியின் பெயரை மட்டும் சொல்லாதே. அவர் கொடுக்க வேண்டியதைக் காலால் கொடுத்துவிட்டார்.

நீ கிளம்புவதற்கு முன் உன் நோட்டைப் பார்த்தேன். கேட்காமல்தான் பார்த்தேன். ஒவ்வொரு இடத்துக்கும் ஒரு வரிசை. வலது கரை என்ற வரிசையில் எண்ணிக்கை பூஜ்ஜியம். காரணம் என்ற கட்டத்தில் பென்சிலால் தெரியவில்லை என்று எழுதியிருக்கிறாய். அதை அழித்துவிடு. நோய் இல்லை, மண் இல்லை. அடிக்கட்டை வேண்டும் என்று அம்மா கேட்டாள் என்று எழுது. உங்கள் ஆட்களுக்கு அது எந்த மொழியில் வேண்டுமோ அந்த மொழியில் எழுது.

ஆனால் அது காத்திருக்கும். முதலில் சாமான்களைத் தூக்கிக்கொண்டு ஓடையைக் கடந்துபோ. கூட இருப்பவர்களையும் கூட்டிக்கொண்டு போ. சிரித்தால் சிரிக்கட்டும், தவசி பெயரை விட்டுவிட்டுக் காரணத்தைப் படித்துக் காட்டு, அதற்குத்தான் காரணம். இங்கே மட்டாஞ்சேரியில் நேற்றிலிருந்து வானம் கறுத்திருக்கிறது. சுக்குக் காயப்போட்டிருந்தவர்கள் தார்ப்பாய் விரித்துவிட்டார்கள். உனக்கு மேலே என்ன வானம் என்று எனக்குத் தெரியாது.

மன்னிப்பு இப்போது வேண்டாம். நீ என்னோடு பேச விரும்பாமல் போகலாம். அதற்கும் நான் பயந்துதான் இருக்கிறேன், ஆனால் அது பொறுக்கக்கூடிய பயம். நீ உயிரோடு இருந்துகொண்டு பேசாமல் இருப்பது. ஒன்றே ஒன்று செய். எதிர்க்கரையில் நிற்கிற மரங்களை எண்ணு. ஒரு துண்டுக் காகிதத்தில் அந்த எண்ணை மட்டும் எழுதி, திரும்பி வரும் ஜீப்பில் அத்தாவுக்குக் கொடுத்தனுப்பு. வேறு ஒரு சொல்லும் வேண்டாம்.

பதினொன்று என்று வந்தால், நீ எந்தக் கரையில் நிற்கிறாய் என்று எனக்குத் தெரிந்துவிடும்.

அம்மா